பாரிஸ் மேடையில் ஒரு மன்னார்ச் சம்மாட்டி

1863 செப்டெம்பர் 30ஆந் திகதி இரவு, பாரிஸ் நகரின் தியாத்ர் லிரிக் அரங்கில், இலங்கைக் கடற்கரையொன்றின் முத்துக்குளிகாரர் தமக்கொரு தலைவனைத் தெரிந்தெடுத்தனர். நம்மூர் வழக்கில் சொன்னால், பெரிய சம்மாட்டி. சூர்கா என்னும் அத்தலைவனாகப் பாடியவர் ஜோன் வித்தால் ஜாம் என்ற பிரெஞ்சுக்காரர். 1825இல் பிறந்த அவரை மேடை இஸ்மாயேல் என்ற பெயராலேயே அறிந்தது.

ஒபேராவின் பெயர் ‘முத்துக்குளிப்போர்’. இசையமைத்த ஜோர்ஜ் பிசேக்கு அப்போது வயது 24. கதை எழுதிய கோர்மோன், கார்ரே இருவரும் முதலில் களத்தை மெக்சிக்கோவில் வைத்துப் பின்னர் இலங்கைக்கு மாற்றினார்களாம். நம் கரை அவர்களுக்கு வெறும் திரைச்சீலை. ஆயினும் இலங்கை முத்தென்றால் அரிப்பும் சிலாவத்துறையும் சார்ந்த மன்னார்க் கரைதானே!

கதை எளியது. சூர்காவும் நாதிரும் நண்பர்கள். இருவர் மனமும் லெய்லா என்ற ஒருத்திமேல். அவளோ, குளிப்பவர்களைக் காக்கப் பாறைமேல் நின்று பிரமனை வேண்டிப் பாடும் கன்னி. இறுதியில் சூர்கா தன் குடியிருப்புக்கே தீயிட்டுக் காதலரைத் தப்புவிக்கிறான். பின்வந்த பதிப்புகள் அவனைக் கொன்றுவிட்டன. இஸ்மாயேல் பாடிய சூர்கா உயிரோடு தனித்து நின்றான். எனக்கு அந்த முடிவே பிடிக்கிறது.

பிரமனை வேண்டும் முத்துக்குளிகாரரை நம் கரையில் தேடினால் கிடைக்க மாட்டார்கள். இங்கே மூழ்கியவர்களில் பெரும்பாலோர் அக்கரையிலிருந்து வந்த கத்தோலிக்கப் பரதவரும் கீழக்கரை முஸ்லிம்களும். ஆனால் லெய்லாவின் வேலை மட்டும் முழுக் கற்பனையன்று. சுறாவின் வாயைக் கட்ட மந்திரம் சொல்லும் ‘கடல்கட்டி’ இல்லாமல் குளிகாரர் நீரில் இறங்க மறுத்தனர். ஆங்கில அரசே அவரை அமர்த்தியது. தாம் கண்ட காலத்தில் அப்பணியிலிருந்தவர் ஒரு கத்தோலிக்கர் என்று எமர்சன் டெனன்ற் எழுதிவைத்திருக்கிறார். அறியாமலே உண்மையின் ஓர் ஓரத்தைத் தொட்டிருக்கிறார்கள் அந்த இரு பாரிஸ்காரர்களும்.

விமர்சகர் பலர் ஒபேராவைத் தாக்கினர். பெர்லியோஸ் மட்டும் இசையைப் புகழ்ந்தார். 18 காட்சிகளுடன் அது நின்றது. 1875இல் இறந்த பிசே அதை மீண்டும் மேடையில் காணவில்லை. முத்துப்பார்களும் கைவிட்டன: 1863க்குப் பின் பத்தாண்டுகள் சலாபமே நடக்கவில்லை.

இஸ்மாயேலுக்கோ ஏறுமுகம். அதே ஆண்டு டிசம்பரில் பிரெஞ்சு மொழியில் ‘ரிகொலெத்தோ’. 1864இல் குனோவின் ‘மிரேய்’ ஒபேராவில் ஊரியாஸ். 1865இல் வெர்தி திருத்தி எழுதிய ‘மக்பெத்’தின் முதல் மக்பெத் அவரே. 1870களில் பாரிஸ் இசைக் கல்லூரியில் ஆசிரியராக இருந்தார். பாடவும் பாடியபடி நடிக்கவும் இளையோரைப் பழக்கினார். 1893இல் மறைந்தார்.

இதே வேலையைச் செய்தவர்கள் மன்னாரிலும் இருந்தார்கள். அண்ணாவியார் என்றோம் அவர்களை. உழவரையும் மீனவரையும் மாதக்கணக்கில் இரவிரவாக இருத்தி, ஏட்டைப் பார்த்து அடியெடுத்துக் கொடுத்து, ஒலிபெருக்கியில்லாத வெளியில் கடைசி வரிசைவரை கேட்கக் குரலைத் திறந்துவிட்டவர்கள் அவர்கள். மாதோட்டப் பாங்கு, யாழ்ப்பாணப் பாங்கு என்று இரு பாணிகள் அங்கே உண்டு. விடியும்வரை பாட்டிலேயே நடக்கும் மூவிராசாக்கள் நாடகத்தை ஒபேரா என்று சொல்லத் தயங்க வேண்டியதில்லை.

அந்த பாரிஸ் இரவில் யார் எந்தப் பாத்திரம் பாடினார் என்பது இன்றும் ஏட்டிலுண்டு. அதே 1863இல் மாதோட்டத்தில் யார் எவரைப் பழக்கினார்? பேராசிரியர் சு. வித்தியானந்தன் முயற்சியால் 1964இல் ‘எண்டிறீக்கு எம்பரதோர்’, 1966இல் ‘மூவிராசாக்கள்’ ஆகிய நாடகங்கள் அச்சேறின, வரிகள் தப்பின. மெட்டும் குரல்முறையும் அண்ணாவிமாரின் தொண்டையில்தான் இருந்தன. போர் அவர்களின் பிள்ளைகளை ரொறன்ரோவரை சிதறடித்துவிட்டது. உங்கள் வீட்டுப் பெட்டியில் பழைய கூத்துக் கொப்பியோ ஒலிநாடாவோ கிடந்தால், பழக்கியவர் பெயரையும் ஊரையும் அதன்மேல் எழுதி, ஒரு பிரதி எடுத்து வையுங்கள்.