கணக்கு முடிக்கும் நாள்: பணிக்கொடை வளர்ந்த வரலாறு

ஒருவன் ஒரு தொழிலிற் சேரும் நாளைப் பற்றி உலகம் பெரிதாகப் பேசுகின்றது. நியமனக் கடிதம் வந்துவிட்டதென்றால் வீட்டிலே பொங்கல் பொங்குவர். கோயிலிலே அருச்சனை செய்விப்பர். அவன் அத்தொழிலை விட்டு வெளியேறும் நாளைப் பற்றியோ எவரும் அதிகம் சிந்திப்பதில்லை. எனினும், ஒரு நாட்டிலே தொழிலாளி எவ்வாறு மதிக்கப்படுகிறான் என்பதை அறிய வேண்டுமாயின், அவன் வந்து சேரும் நாளைக் காட்டிலும் விட்டுப் போகும் நாளையே நாம் நோக்குதல் வேண்டும். அன்று அவன் கையிலே கொடுக்கப்படும் தாளில் எழுதப்பட்டிருப்பது என்ன? அவன் முதலாளிக்குத் தரவேண்டிய தொகையா? முதலாளி அவனுக்குத் தரவேண்டிய தொகையா? இவ்வொரு வினாவை வைத்துக்கொண்டே இலங்கையின் தொழில் வரலாற்றில் ஏறக்குறைய நூற்றிருபது ஆண்டுகளை நாம் கடந்து சென்று பார்க்கலாம்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலே மலைநாட்டில் கோப்பித் தோட்டங்கள் பெருகின. அத்தோட்டங்களில் வேலை செய்வதற்குத் தென்னிந்தியாவின் தமிழ் மாவட்டங்களிலிருந்து மக்கள் கங்காணிமாரால் அழைத்து வரப்பட்டனர். வழிச்செலவுக்கும் வீட்டிற் பட்டிருந்த கடனைத் தீர்ப்பதற்கும் கங்காணி முன்பணம் கொடுத்தான். அந்த முன்பணம் தொழிலாளியின் பெயரிலே கடனாக எழுதப்பட்டது. ஆகவே, அவன் தோட்டத்து மண்ணிலே முதன்முதல் கால் வைத்தபோதே கடனாளியாகத்தான் வைத்தான்.

1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சேவை ஒப்பந்தக் கட்டளைச் சட்டம் இந்நிலையை மேலும் இறுக்கியது. முன்னறிவித்தல் கொடாமலும் தக்க காரணமின்றியும் வேலையை விட்டுச் செல்லும் தொழிலாளியைச் சிறைக்கு அனுப்ப அச்சட்டம் இடமளித்தது. வேலையை விட்டு நீங்குதல் என்பது இரு தரத்தாருக்கும் இடையிலான ஒரு கணக்காக மட்டும் இராது, குற்றமாகவும் மாறக்கூடியதாயிருந்தது.

இதனோடு இணைந்து வளர்ந்ததே ‘துண்டு’ எனப்படும் முறை. கங்காணி ஒருவன் தன் ஆட்களை அழைத்துக்கொண்டு வேறொரு தோட்டத்துக்குச் செல்ல விரும்பினால், பழைய தோட்டத்துத் துரை ஒரு துண்டுக் கடதாசியை எழுதிக் கொடுப்பார். இன்ன தொகையைக் கொடுத்தால் இந்த ஆட்களை விடுவிப்பேன் என்பதே அதன் சாரம். புதிய தோட்டத்தார் அத்தொகையைச் செலுத்தி ஆட்களை ஏற்றுக்கொள்வர். செலுத்திய தொகை மறுபடியும் ஆட்களின் மேற் கடனாகவே ஏறும். தோட்டங்கள் ஆட்களுக்காகப் போட்டியிட்ட காலங்களில் துண்டிலே காணும் தொகையும் வளர்ந்தது. இவ்வாறு, பல ஆண்டுகள் உழைத்த ஒருவன் ஒரு தோட்டத்தை விட்டுப் புறப்படும்போது அவனுடன் சென்ற தாள், அவனுடைய உழைப்பை அன்று, அவனுடைய கடனையே கணக்கிட்டுக் காட்டியது. 1921ஆம் ஆண்டிலே துண்டுமுறை சட்டத்தினால் ஒழிக்கப்பட்டது.

இஃது ஒரு புறமிருக்க, அரசாங்க உத்தியோகத்தரின் நிலை வேறாயிருந்தது. அவர்களுக்கு ஓய்வூதியம் இருந்தது. 1898ஆம் ஆண்டின் முதலாம் இலக்கக் கட்டளைச் சட்டத்தினால் அவர்களுடைய விதவைகளுக்கும் அநாதைப் பிள்ளைகளுக்கும் ஓய்வூதிய நிதியொன்றும் நிறுவப்பட்டது. யாழ்ப்பாணத்துப் பெற்றோர் தம் புதல்வருக்கு அரசாங்க உத்தியோகத்தையே நாடியதற்குரிய காரணங்களில் இதுவும் ஒன்று. உத்தியோகம் முடிந்த பின்னரும் மாதந்தோறும் ஒரு தொகை வரும் என்ற உறுதி, சீதனப் பேச்சிலும் இடம்பெற்றது. ஆனால் தோட்டத்திலும் தொழிற்சாலையிலும் கடையிலும் தனியார் கந்தோரிலும் வேலை செய்தோருக்கு அத்தகைய உறுதி யாதும் இருக்கவில்லை. முதலாளி மனமிரங்கிக் கொடுத்தால் உண்டு, கொடாவிட்டால் இல்லை. அக்கொடையைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லான ‘கிராற்றுவிற்றி’ என்பதே நன்றிக்காக விரும்பிக் கொடுப்பது என்ற பொருளைத் தழுவியது. நாம் அதனைப் பணிக்கொடை என்கிறோம். கொடை என்பது கொடுப்பவனின் விருப்பத்தைச் சார்ந்ததன்றோ? அது கேட்டுப் பெறும் உரிமையாக மாறியது எப்படி?

அந்த மாற்றம் ஒரே நாளில் நிகழ்ந்ததன்று. 1935ஆம் ஆண்டில் தொழிற்சங்கக் கட்டளைச் சட்டமும், 1941ஆம் ஆண்டில் சம்பளச் சபைகள் கட்டளைச் சட்டமும் வந்தன. முன்னது தொழிலாளர் ஒன்றுகூடிப் பேசுவதற்கு வழி வகுத்தது. பின்னது ஒவ்வொரு தொழிலிலும் குறைந்தபட்சச் சம்பளத்தை விதிப்பதற்கு வழி செய்தது. 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழிற் பிணக்குகள் சட்டம், பிணக்குகளைத் தீர்ப்பதற்கான ஒழுங்குகளை அமைத்தது. 1957ஆம் ஆண்டில் அச்சட்டம் திருத்தப்பட்டுத் தொழில் நியாய சபைகள் தோன்றின. இச்சபைகளின் தோற்றம் மிக முக்கியமானது. ஏனெனில், வேலை நீக்கப்பட்ட தனியொரு தொழிலாளி தானாகவோ தன் சங்கத்தின் மூலமாகவோ நேரே சென்று முறையிடலாம் என்பதோடு, தனக்குப் பணிக்கொடை உரியதா, உரியதாயின் எவ்வளவு என்னும் வினாவையும் அங்கே எழுப்பலாம் என்று சட்டம் கூறிற்று. சபை நீதியும் நியாயமுமான கட்டளையை வழங்க வேண்டும். முதலாளியின் மனத்தில் மாத்திரம் இருந்த ஒன்று, நியாயம் வழங்குவோர் முன்னே வைத்து அளக்கப்படும் பொருளாயிற்று.

அடுத்த ஆண்டே, அதாவது 1958இல், ஊழியர் சேமலாப நிதிச் சட்டம் நிறைவேறியது. அதனைக் கொண்டுவந்த தொழில் அமைச்சர் ரீ. பி. இலங்கரத்ன அவர்கள், 1947ஆம் ஆண்டின் வேலைநிறுத்தக் காலத்தில் அரசாங்க எழுதுவினைஞர் சங்கத்தின் தலைவராயிருந்து தமது உத்தியோகத்தையே இழந்தவர். வேலையை இழத்தல் என்றால் யாது என்பதைத் தாமே அறிந்தவர் இயற்றுவித்த சட்டம் அது. தொடக்கத்தில் தொழிலாளி தன் சம்பாத்தியத்தில் நூற்றுக்கு 4 வீதமும், முதலாளி 6 வீதமும் செலுத்தினர். பின்னர் அவை உயர்ந்து, இன்று முறையே 8 வீதமும் 12 வீதமுமாக உள்ளன. 1980ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கச் சட்டத்தினால் உருவான ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதியத்துக்கு முதலாளி மேலும் 3 வீதம் செலுத்துகிறார்.

இங்கே நேயர்கள் ஒரு வேறுபாட்டைக் கவனித்தல் வேண்டும். சேமலாப நிதி என்பது மாதந்தோறும் சேர்த்து வைத்த பணம். அது முதலாளியின் கையை விட்டுப் பொது நிதியத்துக்குச் சென்றுவிட்டது. பணிக்கொடையோ நீண்ட சேவைக்காக முதலாளி இறுதியிலே கொடுக்கும் பணம். முன்னதைப் பெற்றவர் பின்னதைக் கேட்கலாகாது என்பதில்லை. இரண்டும் வெவ்வேறு உரிமைகள்.

1964ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆந் திகதி சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தாகியது. 525,000 பேரை இந்தியா ஏற்பதென்றும், 300,000 பேருக்கு இலங்கைப் பிரசாவுரிமை வழங்குவதென்றும் அதில் முடிவாயிற்று. இவ்வெண்ணிக்கைகளை எல்லோரும் அறிவர். ஆனால் அதே ஒப்பந்தத்தில், இந்தியாவுக்குச் செல்வோர் தம் சேமலாப நிதியையும் பணிக்கொடையையும் உள்ளிட்ட சொத்துக்களை உடன்கொண்டு செல்லலாம் என்றும், ஒரு குடும்பம் கொண்டுசெல்ல அனுமதிக்கப்படும் உச்சத் தொகை 4,000 ரூபாவுக்குக் குறைக்கப்படலாகாது என்றும் ஒரு வாசகம் உண்டு. தலைமன்னாரிலே கப்பலேறி இராமேசுவரத்தில் இறங்கிய ஒரு குடும்பத்துக்கு, தேயிலை மலையில் கழிந்த தலைமுறைகளின் மிச்சம் அந்தப் பணமே. மூதாதையர் கடனோடு வந்தனர். பேரப்பிள்ளைகள் பணிக்கொடையோடு திரும்பினர். அது போதுமானதாயிருந்ததா என்று கேட்டால், ஒரு புதிய ஊரிலே வாழ்வைத் தொடங்குவதற்கு அஃது எவ்வளவு சிறிது என்பதை யாவரும் உணர்வர். ஆயினும், இரு அரசுகளின் உடன்படிக்கையிலே அது தொழிலாளியின் சொந்தச் சொத்தாக எழுதப்பட்டது என்பது வரலாற்றில் ஒரு படியே.

நெடுங்காலமாகப் பணிக்கொடைக்கு எல்லோருக்கும் பொதுவான ஓர் அளவுகோல் இருக்கவில்லை. கூட்டு ஒப்பந்தம் இருந்த இடத்தில் ஒரு கணக்கு. நியாய சபை தீர்த்த இடத்தில் இன்னொரு கணக்கு. அயல்நாடான இந்தியா 1972ஆம் ஆண்டிலே இதற்கெனத் தனிச் சட்டம் இயற்றியது. இலங்கையிலே 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைகள் கொடுப்பனவுச் சட்டம் அக்குறையை நீக்கியது.

அச்சட்டத்தின் கணக்கு எளிமையானது. வேலை முடிவுற்ற நாளுக்கு முந்திய பன்னிரண்டு மாதங்களில் யாதேனும் ஒரு நாளிலாவது 15 பேரோ அதற்கு மேற்பட்டோரோ வேலை செய்த நிறுவனமாயிருத்தல் வேண்டும். தொழிலாளி ஐந்து ஆண்டுச் சேவையை நிறைவு செய்திருத்தல் வேண்டும். மாதச் சம்பளம் பெறுபவருக்கு, நிறைவு செய்த ஒவ்வோர் ஆண்டுக்கும் அரை மாதச் சம்பளம்; ஏனையோருக்கு 14 நாட் சம்பளம். கணக்குக்கு எடுக்கப்படுவது கடைசியாகப் பெற்ற சம்பள வீதமே. அடிப்படைச் சம்பளமும் வாழ்க்கைச் செலவுப் படியும் அதிற் சேரும். மேலதிக நேர வேலைக்குரிய பணம் சேராது.

ஓர் உதாரணம் காண்போம். ஓர் எழுதுவினைஞர் 17 ஆண்டும் 8 மாதமும் வேலை செய்து விலகுகிறார். கடைசிச் சம்பளம், படியுடன், 40,000 ரூபா என்க. அரை மாதச் சம்பளம் 20,000. அதனை 17ஆற் பெருக்க 340,000 ரூபா வரும். எஞ்சிய எட்டு மாதத்துக்கு ஒன்றுமில்லை. இந்தியச் சட்டத்திலோ ஆறு மாதத்துக்கு மேற்பட்ட பகுதி முழு ஆண்டாகக் கொள்ளப்படும். இனி, நாட்சம்பளம் 1,000 ரூபா பெறும் கொழுந்து பறிக்கும் பெண்ணொருவர் 26 ஆண்டுகளின் பின் விலகினால், 14 நாட்களுக்கு 14,000. அதனை 26ஆற் பெருக்க 364,000 ரூபா.

கடைசிச் சம்பளத்தை வைத்தே கணக்கிடுதல் என்ற விதியிலே ஒரு பெரும் நியாயம் அடங்கியுள்ளது. அப்பெண் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் அவருடைய நாட்சம்பளம் மிகச் சிறிதாயிருந்திருக்கும். அந்த முதலாண்டு உழைப்பும் இன்றைய விலைவாசிக்கேற்ற வீதத்திலேயே மதிக்கப்படுகிறது. சேமலாப நிதியில் அவ்வாண்டு செலுத்திய சில்லறைப் பணமோ வட்டியை மாத்திரமே நம்பி வளர வேண்டும்.

சட்டத்தில் இன்னும் சில விடயங்கள் உள. முதலாளி நீக்கினாலும், தொழிலாளி தானே விலகினாலும், இளைப்பாறினாலும், இறந்தாலும் பணிக்கொடை உரியதே. இறந்தவருடையது அவருடைய உரித்தாளருக்குச் சேரும். முப்பது நாட்களுக்குள் அது செலுத்தப்படல் வேண்டும். தாமதித்தால், தாமதத்தின் அளவுக்கேற்ப மேலதிகத் தொகையும் செலுத்த வேண்டும். மோசடி, பணக் கையாடல், முதலாளியின் சொத்துக்குச் சேதம் விளைத்தல் போன்ற காரணங்களால் நீக்கப்பட்டவர், தாம் விளைத்த நட்டத்தின் அளவுக்கு மாத்திரமே பணிக்கொடையை இழப்பார். வேறு காரணத்தால் முதலாளிக்குக் கோபம் மூட்டியவர் என்பதற்காக அதனை மறுத்தல் இயலாது.

ஆயினும், சட்டம் எல்லோரையும் தழுவவில்லை. வீட்டுவேலை செய்வோர் அதற்குப் புறம்பானவர். பதினைந்து பேருக்குக் குறைந்த சிறு கடைகளில் வேலை செய்வோர் இன்னும் தொழில் நியாய சபைக்குச் சென்றே கேட்க வேண்டியவர்களாயுள்ளனர். நான்காண்டும் பதினொரு மாதமும் உழைத்தவருக்கு இச்சட்டத்தின்படி ஒரு சதமும் இல்லை. ஐந்தாண்டு நிறைவதற்கு முன்னரே ஆட்களை மாற்றிக்கொள்ளும் தந்திரத்துக்கு இஃது இடமளிக்கிறதன்றோ?

ஆகவே, நேயர்களே, வேலைக்குச் சேர்ந்த நாளைக் காட்டும் கடிதத்தையும் கடைசி மாதச் சம்பளச் சீட்டையும் பத்திரமாக வைத்திருங்கள். ஆண்டுகளை எண்ணவும் வீதத்தை அறியவும் வேண்டியவை அவ்விரண்டுமே. உங்கள் வீட்டு முதியவர் எவரேனும் வேலையை விட்டு வரும் நாளில், இந்த எளிய பெருக்கலை அவருக்காக நீங்களே செய்து பாருங்கள். அக்கணக்கைக் கேட்பது இரத்தல் ஆகாது. ஒருகாலத்தில் துண்டிலே கடனாக எழுதப்பட்ட மனிதர், தம் உழைப்பையே வரவாக எழுதும்படி கேட்டுக் கேட்டுப் பெற்ற உரிமை அது.