பிறப்பும் வளர்ச்சியும் காட்டும் விவரணப்படங்களும் ஊவாத் தோட்டங்களும்

மனிதன் கருவாகி, உருவாகி, வளரும் முறையினைச் சொல்லாலே காட்ட முயன்றோருள் தமிழர் பின்னின்றாரல்லர். மாணிக்கவாசகர் போற்றித் திருவகவலிலே கருப்பையின் இடர்களைத் திங்கள்தோறும் எண்ணிச் செல்கின்றார். பிள்ளைத்தமிழோ குழந்தையின் வளர்ச்சியைப் பத்துப் பருவங்களாக வகுத்தது. அப்பொருளைக் கண்ணுக்குக் காட்டும் பணியை இருபதாம் நூற்றாண்டிலே விவரணப்படம் ஏற்றது. அப்பணி நம் மலைநாட்டுத் தாய்மாரை எவ்வளவிற்கு நோக்கிற்று என்பதே ஈண்டு ஆராயற்பாலது.

1947இல் அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்து வகுப்பறைகளுக்கென 'மனித வளர்ச்சி' என்னும் படம் எடுக்கப்பட்டது. கருவின் வளர்ச்சியை அது வரைபடங்களாற் காட்டிற்று. அவ்வளவிற்கே பெரும் வாதம் எழுந்தது! இதனினும் துணிவுடையது 1953இல் ஜோர்ஜியா மாநிலச் சுகாதாரப் பகுதிக்காக ஜோர்ஜ் ஸ்ரோனி இயக்கிய 'என் குழந்தைகள் யாவரும்'. கிராமத்து மருத்துவிச்சியரைப் பயிற்றுதற்கு எழுந்த இப்படத்தில் நூற்றுக்கு மேற்பட்ட பாடக்குறிப்புகள் இடம்பெறல் வேண்டுமென மருத்துவர் விதித்தனர். ஆயினும் அது வெறும் பாடமாகவில்லை. மேரி கோலி என்னும் கறுப்பின மருத்துவிச்சியே அதில் நடுநாயகமாக நின்றார். உண்மைப் பிரசவமொன்றும் காட்டப்பட்டது. பயில்வோர் தம்முள் ஒருத்தியையே திரையிற் கண்டனர். படத்தின் வலிமை இதிலேயே உளது என்பது எம் துணிபு.

இனி இலங்கையை நோக்குவாம். புகையிரதம் அப்புத்தளையை எட்டியது 1893இல். மலைநாட்டுத் தேயிலை உலகெங்கும் சென்றது. அதன் விளம்பரத்தின்பொருட்டுத் தேயிலைப் பிரசாரச் சபையின் உதவியுடன் பேசில் றைற் 1934இல் எடுத்த 'சோங் ஒவ் சிலோன்' அழகிய படைப்பே. கொழுந்து பறிக்கும் கைகளை அது கண்டது. அக்கைகள் தொட்டிலாட்டும் லயத்தினுள்ளே புகவில்லை. 1948இல் அரசாங்கத் திரைப்படப் பிரிவு தோன்றிற்று. மலேரியா ஒழிப்பைப் பற்றி லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் 1954இல் அளித்த படம், சுகாதாரப் பொருளும் கலையாகக்கூடும் என்பதற்குச் சான்று. அதே 1948இலேதான் குடியுரிமைச் சட்டம் தோட்டத் தமிழருட் பெரும்பாலோரை நாடற்றவராக்கிற்று. அரசின் கமெரா குடிமக்களை நோக்கிப் பேசத் தொடங்கிய வேளையிலே இவர்கள் அக்கணக்கில் இலர்.

1930களில் இத்தீவிலே இலட்சம் பிரசவத்துக்கு 1,500க்கு மேற்பட்ட தாய்மார் மாண்டனர். இன்று அத்தொகை 100க்கும் மிகக் கீழே. இம்மாற்றத்திற் பெரும்பங்கு வீடுதேடி நடந்த மருத்துவிச்சியருக்கும் மருத்துவமனைகளுக்கும் உரியது, திரைக்கன்று. ஆனால் தோட்டங்களின் வைத்தியம் நெடுங்காலம் துரைமார் பொறுப்பிலேயே இருந்தமையால், 1970களில் அவை அரசுடைமையான பின்னரே அரச சேவை அங்கு படிப்படியாக விரிந்தது.

ஊவாவிலே இத்தகைய படம் எடுப்போர் கருவின் ஒளிப்படங்களுடன் நின்றுவிடலாகாது. அவற்றைச் சுவீடனின் லெனார்ட் நில்சன் 1965இலேயே உலகறியச் செய்துவிட்டார். நிறைமாதத்திலும் ஏற வேண்டிய மலைச்சரிவு, ஒற்றையறை லயத்தின் இருள், தாய் மலைக்குச் சென்றதும் குழந்தை பகலெல்லாம் வளரும் பிள்ளைக்காம்பரா, இவையே அங்குள்ள பாடங்கள். அவற்றை விளக்கும் குரலும் லயத்தார் பேசும் தமிழிலே, அவர்கள் அறிந்த மருத்துவிச்சியின் வாயிலாகவே எழுதல் வேண்டும்.