ஊமைப் படத்தின் குரல்

பேசும் படம் வந்தபோது தொழிலை இழந்தவர் யார் என்று கேட்டால், நம்மில் பலர் ஊமைப் பட நடிகர்களையே நினைப்போம். ஜப்பானிலோ அடி முதலில் விழுந்தது வேறிடத்தில். அங்கே திரையின் அருகில் நின்று கதையை விளக்கி, எல்லாப் பாத்திரங்களுக்கும் தாமே குரல் கொடுத்தவர்கள் ‘பென்ஷி’ எனப்பட்டனர். நடிகரின் பெயரைக் காட்டிலும் பென்ஷியின் பெயரைப் பார்த்துக் கொட்டகைக்கு வந்தோர் பலர். அவர்களுள் தலைசிறந்த தொக்குகாவா முசேய் என்பவரைப் பற்றியே சொல்ல விரும்புகிறேன்.

1894-ல் பிறந்த அவருடைய இயற்பெயர் ஃபுக்குஹாரா தொஷியோ. ‘அவோய்’ என்பது ஒரு செடியின் பெயர்; அதன் இலை தொக்குகாவா குலத்தின் முத்திரை. அப்பெயர் கொண்ட கொட்டகையில் அவர் பணிபுரிந்ததால், அக்குலத்தின் பெயர் அவருக்கு வந்து சேர்ந்தது. முசேய் என்றால் ‘கனவுக் குரல்’. வேறு எழுத்தில் எழுதினால் அதே ஒலி ‘குரலற்றது’ என்றும் பொருள்படும். ஊமைப் படத்துக்கு ஜப்பானியர் வழங்கும் பெயரிலும் அச்சொல்லே இருக்கிறது! பிறர் அலங்கார நடையில் முழங்கிய காலத்தில் இவர் அடங்கிய குரலில், வேண்டிய இடத்தில் மட்டும் பேசினார். மேல்நாட்டுப் படங்களே இவருக்கு உரிய களமாக இருந்தன.

1929-ல் அயல்நாட்டுப் பேசும் படங்கள் தோக்கியோவுக்கு வந்தன. 1931-ல் ‘மொரோக்கோ’ என்ற அமெரிக்கப் படம், உரையாடலின் பொருளைத் திரையிலேயே ஜப்பானிய எழுத்தில் காட்டிற்று. விளக்குபவருக்கு இனி என்ன வேலை? அவ்வாண்டே கோஷோ இயக்கிய ஜப்பானியப் பேசும் படமும் வெற்றி கண்டது. 1932-ல் பென்ஷிகள் வேலைநிறுத்தம் செய்தனர், பயனில்லை. அதில் முன்னின்ற சூதா தெய்மேய் என்னும் இளைஞர் 1933-ல் தம் உயிரை மாய்த்துக்கொண்டார்.

முசேய் அதே 1933-ல் பி.சி.எல். நிறுவனத்தின் பேசும் படத்தில் நடிகராகத் தோன்றினார். 1938-ல் யமாமோத்தோ கஜிரோவின் படமொன்றில் ஏழைத் தகரக் கொல்லராக, சிறுமி தக்காமினே ஹிதேக்கோவின் தந்தையாக நடித்தார். அப்படத்தின் உதவி இயக்குநர் அகிரா குரோசாவா; மாண்ட சூதாவின் தம்பி. அவரை உற்று நோக்கிய முசேய், ‘அண்ணனைப் போலவே இருக்கிறாய், ஆனால் அவர் நெகட்டிவ், நீ பாசிட்டிவ்’ என்ற கருத்தில் ஏதோ சொன்னாராம். குரோசாவா தம் சுயசரிதத்தில் இதனைக் குறித்திருக்கிறார். பிலிம் சுருளோடு வாழ்ந்தவருக்கே தோன்றக்கூடிய உவமை என்பேன்.

1939-ல் முசேய் வானொலியில் யோஷிக்காவா எய்ஜியின் ‘மியாமோத்தோ முசாஷி’ நாவலைப் படிக்கலானார். சொற்களுக்கிடையே அவர் விட்ட மௌனத்தையும் நேயர்கள் காது கொடுத்துக் கேட்டனர்.