மார்லோவின் மரணமும் அதனை ஆராய்ந்த நூல்களும்

ஷேக்ஸ்பியருக்கு முன்னோடியாய் நின்று, இயைபில்லா ஐஞ்சீரடிச் செய்யுளுக்கு நாடக மேடையில் வீறு தந்தவர் கிறிஸ்டபர் மார்லோ. காண்டர்பரி நகரில் செருப்புத் தைக்கும் தொழிலாளி ஒருவரின் மகனாய்ப் பிறந்தவர், 1564 பிப்ரவரி 26இல் ஞானஸ்நானம் பெற்றவர், கேம்பிரிட்ஜில் பயின்றவர். 1593 மே 30ஆம் நாள், தம் இருபத்தொன்பதாம் வயதில், இலண்டனுக்கு அருகிலுள்ள டெட்ஃபோர்டில் கத்திக்குத்துப்பட்டு மாண்டார். அவர் பெயரால் வழங்கும் நாடகங்கள் ஏழே. அவரைப் பற்றி எழுந்த நூல்களோ ஒரு பேழை கொள்ளாதவை. அவற்றுள் பெரும்பாலானவை அந்த ஒருநாள் மாலையையே சுற்றிச் சுற்றி வருவதை நாம் காண்கிறோம்.

முதலில் எழுந்தவை வரலாறுகள் அல்ல, அறவுரைகள். மார்லோ இறந்து நான்காண்டுகள் கழித்து, 1597இல், தாமஸ் பியர்டு என்னும் போதகர் அம்மரணத்தைத் தம் நூலில் சேர்த்தார். கடவுளை இகழ்ந்தவன் தன் கத்தியாலேயே மடிந்தான் என்பது அவர் காட்டிய பாடம். அடுத்த ஆண்டில் பிரான்சிஸ் மியர்ஸ், காமப் போட்டியில் ஒரு பணியாள் குத்திக் கொன்றதாக எழுதினார். 1600இல் வில்லியம் வாகன் மட்டும் டெட்ஃபோர்டு என்ற ஊரையும் இங்க்ராம் என்ற பெயரையும் சரியாகக் குறித்தார். ஆனால் அவரும் அதனைத் தெய்வ தண்டனை என்றே முடித்தார். புலவர் வரலாற்றைத் தனிப்பாடல் கதைகளாகவே கேட்டு வளர்ந்த நமக்கு இது புதிதன்று.

பத்தொன்பதாம் நூற்றாண்டினர் கோயிற்பதிவேட்டைப் புரட்டினர். அதில் கொன்றவன் பெயர் பிரான்சிஸ் பிரீசர் என்று இருந்தது. பழைய கையெழுத்தை ‘ஆர்ச்சர்’ எனத் தவறாகப் படித்துவிட்டனர். இல்லாத அந்த ஆர்ச்சர் பல நூல்களில் கொலைகாரனாய் நெடுங்காலம் உலவினான்!

இக்குழப்பத்தை நீக்கியது 1925இல் வெளிவந்த ஒரு சிறு நூல். எழுதியவர் லெஸ்லி ஹாட்சன். கனடாவில் தில்லி என்னும் பெயருடைய ஊரில் பிறந்தவர். இலண்டன் அரசு ஆவணக் காப்பகத்தில் வேறு செய்தி தேடிக்கொண்டிருந்தபோது ‘இங்க்ராம் பிரைசர்’ என்ற பெயர் அவர் கண்ணிற் பட்டது. வாகன் சொன்ன இங்க்ராம் இவன்தானோ என்ற ஐயமே வழிகாட்டிற்று. முதலில் பிரைசருக்கு அரசி அளித்த மன்னிப்புப் பத்திரமும், பின்னர் மரண விசாரணையின் இலத்தீன் அறிக்கையும் அகப்பட்டன. முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாக ஒருவரும் தேடாமற் கிடந்த தோலேடு அது.

அவ்வறிக்கை கூறுவதைக் காண்போம். எலினார் புல் என்னும் கைம்பெண்ணின் இல்லத்தில் காலை பத்து மணி அளவில் நால்வர் கூடினர்: மார்லோ, பிரைசர், நிக்கோலஸ் ஸ்கியர்ஸ், இராபர்ட் போலி. பகலுணவு உண்டு, தோட்டத்தில் உலாவி, மாலை ஆறு மணிக்கு மீண்டு, இரவுணவும் முடித்தனர். பின்னர் உணவுச் செலவுக் கணக்கில் சச்சரவு மூண்டது. கட்டிலிற் கிடந்த மார்லோ, தமக்கு முதுகு காட்டி அமர்ந்திருந்த பிரைசரின் குத்துவாளை உருவி அவன் தலையில் இருமுறை காயப்படுத்தினார். போராட்டத்தில் அதே வாள் மார்லோவின் வலக்கண்ணுக்கு மேல் இரண்டங்குல ஆழம் பாய்ந்தது. வாளின் விலை பன்னிரண்டு பென்ஸ் என்றுகூட ஜூரிகள் பதினாறு பேரும் குறிக்கத் தவறவில்லை. தற்காப்புக்காகச் செய்தான் என்பது தீர்ப்பு. ஜூன் 28இல் மன்னிப்பும் கிடைத்தது.

ஆவணம் கிடைத்ததும் வழக்கு முடிந்திருக்க வேண்டும், முடியவில்லை. அறையில் இருந்த நால்வரில் ஒருவர் மாண்டார். ஒருவர் குற்றவாளிக் கூண்டில் நின்றார். எஞ்சிய இருவர் எத்தகையோர்? போலி அரசின் ஒற்றன். 1586இல் பாபிங்டன் சதியைக் குலைத்ததில் பங்குகொண்டவன். மார்லோவுமே மாணவப் பருவத்தில் அரசிக்குத் தொண்டாற்றியவர் என்று 1587இல் ஆலோசனைச் சபை பல்கலைக்கழகத்துக்கு எழுதியிருக்கிறது. மேலும், 1593 மே மாதத்தில் நாடகாசிரியர் தாமஸ் கிட் கைதாகி, தம் அறையில் அகப்பட்ட சமய விரோதத் தாள்கள் மார்லோவுடையவை என்றார். மே 20இல் மார்லோ சபைமுன் தோன்றினார். பத்தே நாளில் மரணம். ஐயம் எழுவதில் வியப்பென்ன?

1928இல் மருத்துவர் டானன்பாம், இது வால்டர் ராலி தூண்டிய கொலை என்றார். 1955இல் கால்வின் ஹாஃப்மன் என்பவர், மார்லோ இறக்கவே இல்லை, அவரே ஷேக்ஸ்பியர் பெயரில் எழுதினார் என்று நூல் செய்தார். மறு ஆண்டு வால்சிங்காம் குடும்பக் கல்லறையைத் திறந்து பார்த்ததில் மணலே கிடைத்தது. இவ்வகை நூல்களில் நாம் நெடுநேரம் தங்க வேண்டியதில்லை. 1992இல் வந்த சார்லஸ் நிக்கலின் நூல் வேறு தரத்தது. ஒற்றர் உலகின் கணக்குச் சீட்டுகளையும் கடிதங்களையும் பொறுமையாக அடுக்கி, எசெக்ஸ் பிரபுவின் கட்சியினர்மேல் ஐயத்தைச் செலுத்தினார். பத்தாண்டுக்குப்பின் வந்த திருத்திய பதிப்பில் தம் முடிவின் ஒரு பகுதியைத் தாமே மாற்றிக்கொண்டார். ஆராய்ச்சியாளர்க்கு இது இழுக்கன்று; அந்நூலின்மீது நமக்குள்ள மதிப்பு இதனால் கூடியதே ஒழியக் குறையவில்லை.

2002இல் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில் மார்லோவுக்கு அமைத்த நினைவுச் சாளரத்தில் இறப்பாண்டுக்கு முன் ஒரு கேள்விக்குறி இடம்பெற்றது. அதனை நாம் ஏற்க இயலாது. ஏன் குத்தினார்கள் என்பது கேள்விக்குரியது. இறந்தார் என்பதற்குப் பதினாறு பேர் பிணத்தைப் பார்த்த சாட்சி உண்டு. ஜூன் முதல் நாள் புதைத்த பதிவும் உண்டு.

மரணத்தில் காட்டிய ஊக்கத்தில் பாதியை நூல்களின் வரலாற்றில் காட்டினால் நன்று. மார்லோ வாழ்ந்த காலத்தில் அவர் பெயரைத் தாங்கி ஒரு நாடகமும் அச்சேறவில்லை. தாம்பர்லேன் 1590இல் பெயரின்றியே வந்தது. டாக்டர் ஃபாஸ்டஸ் 1604இல் ஒரு வடிவிலும், 1616இல் நூற்றுக்கணக்கான வரிகள் மிகுந்த மற்றொரு வடிவிலும் வெளிவந்தது. ஃபாஸ்டஸின் கூற்றைக் கவிஞரின் மனம் என்று எடுத்துக்காட்டுவோர், எந்த வடிவிலிருந்து காட்டுகிறோம் என்று சொல்ல வேண்டாமா? 1942இல் ஜான் பேக்லெஸ் இரு தொகுதிகளில் இத்தகைய செய்திகளைத் திரட்டித் தந்தார். அந்நூலை இன்று எடுப்போர் சிலரே.

நம் உள்ளங்கவர்ந்தது இன்னொன்று. காண்டர்பரி ஆவணக் காப்பாளர் வில்லியம் அர்ரி தம் ஊர்ப் பழஞ்சுவடிகளிலேயே வாழ்நாளைக் கழித்தவர். 1981இல் அவர் மறைந்தார். மார்லோவும் காண்டர்பரியும் பற்றிய அவர் நூல் 1988இல்தான் அச்சேறியது. அதன் சிறப்பு ஒற்றரிலும் சதியிலும் இல்லை. செருப்புத் தொழிலாளியின் கடன்களும் தெருச் சண்டைகளும் உண்டு. 1585இல் கேதரின் பெஞ்ச்கின் என்னும் பெண்மணியின் உயிலுக்குச் சாட்சியாக மார்லோ இட்ட கையொப்பம் உண்டு. ஐயமின்றி அவருடையது எனத்தக்க கையெழுத்து அது ஒன்றே. கேம்பிரிட்ஜிலிருந்து வந்திருந்த அந்த இருபத்தோரு வயது இளைஞர், தந்தை முதலியோர் கேட்க, அவ்வுயிலை உரக்க, தெளிவாகப் படித்துக் காட்டினார்.