குருதி கசியும் பொருக்கும் குளவி சுமக்கும் பொருக்கும்

ஐரோப்பாவின் ஸ்புரூஸ் காடுகளில் வெட்டிப் போட்ட மரங்களின் அடிப்பக்கத்தைப் புரட்டினால், தோல்போல அப்பிக் கிடக்கும் பூஞ்சைகள் தென்படும். அவற்றில் ஸ்டீரியம் சாங்குவினோலென்டம், அமைலோஸ்டீரியம் ஏரியோலேட்டம் என்ற இரண்டும் ஒன்றை மற்றதாக எண்ணிவிடும் அளவுக்கு ஒத்தவை. இரண்டும் மெல்லியவை. இரண்டின் மேல்விளிம்பும் மடங்கிச் சிறு இறவாரமாக நீளும். அடிப்பரப்பில் துளைகள் இல்லை. லிக்னினைச் சிதைத்து மரத்தை மட்கச் செய்வதிலும் இரண்டும் ஒரே வகை.

நகம் ஒன்றே முதல் கருவி. ஈரமான ஸ்டீரியத்தின் அடிப்பரப்பைக் கீறினால் சில நொடிகளில் கீறல் வழியே செந்நீர் கசியும். அதன் இழைகளில் சில இந்தச் சாற்றைச் சுமக்கின்றன. அமைலோஸ்டீரியத்தை எவ்வளவு கீறினாலும் சிவக்காது. அதன் மேற்பரப்பு கரும்பழுப்பு. ஸ்டீரியத்துடையது வெளிர்ந்த பழுப்பு, வளரும் விளிம்பு வெள்ளை.

ஆனாலும் கீறலை மட்டும் நம்பி முடிவுக்கு வருவதை நான் ஏற்பதில்லை. காய்ந்த ஸ்டீரியம் கசியாது; நனைத்துவிட்டுத்தான் கீற வேண்டும். அகன்ற இலை மரங்களில் வாழும் அதன் உறவினங்கள் சிலவும் இதேபோல் சிவக்கும் என்பதால், எந்த மரம் என்பதையும் பார்த்தாக வேண்டும். அயோடின் கலந்த மெல்சர் கரைசலும் இங்கே உதவாது: இரண்டின் வித்துகளும் அதில் நீலம் பாரிக்கும். ஐயம் தீர்ப்பது நுண்ணோக்கிதான். அமைலோஸ்டீரியத்தின் வித்துப்பரப்பில் தடித்த சுவரும் பழுப்பு நிறமும் கொண்ட சிஸ்டிடியாக்கள் என்ற மலட்டுச் செல்கள், நுனியில் படிகங்கள் பொதிந்து நிற்கும். ஸ்டீரியத்தில் அவை கிடையா.

உண்மையான வேறுபாடு மரத்துக்குள் நுழையும் வழியில் இருக்கிறது. ஸ்டீரியத்தின் வித்துகள் காற்றில் வந்து புதுக் காயத்தில் விழுகின்றன. மான் உரித்த பட்டை, மரம் இழுக்கும்போது உராய்ந்த அடிமரம் இவையே அதன் வாசல். அமைலோஸ்டீரியத்துக்கோ வாகனம் உண்டு. சைரெக்ஸ் மரக்குளவியின் பெண், பூஞ்சையை உடலிலுள்ள தனிப் பைகளில் சுமந்து, முட்டையோடும் நச்சுச் சளியோடும் மரத்துக்குள் செலுத்துகிறது. சளியும் பூஞ்சையும் சேர்ந்து மரத்தை வாடவைக்க, பூஞ்சை பதப்படுத்திய கட்டையில் புழு வளர்கிறது.

ஐரோப்பாவில் பெரும்பாலும் நலிந்த மரங்களோடு நின்றுவிடும் இந்தக் கூட்டணி, ஆஸ்திரேலியாவின் பைன் தோட்டங்களில் பேரழிவானது. அங்கே 1987 முதல் 1989 வரை ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்ட பைன் மரங்கள் மடிந்தன. அந்த நிலங்களில் இப்பூஞ்சை பொருக்காக வெளிவருவதே மிக அரிது. ஆகவே மேலே சொன்ன வெளி அடையாளங்கள் அங்கே பயன்படா.

குளவியோடான இந்த இணைப்பே அமைலோஸ்டீரியத்தின் பலவீனமும்கூட. டெலாடினஸ் சிரிசிடிகோலா என்ற நூற்புழு ஒரு பருவத்தில் இதே பூஞ்சையைத் தின்று பெருகும். மறு பருவத்தில் குளவிக்குள் புகுந்து அதன் முட்டைகளை மலடாக்கும். ஆய்வகத்தில் அமைலோஸ்டீரியத்தை வளர்த்து, அதிலேயே நூற்புழுவைப் பெருக்கித் தோட்ட மரங்களில் செலுத்துகிறார்கள். ஸ்டீரியத்துக்கு இப்படித் தாக்குவதற்கு ஒரு குளவி இல்லை. மரத்தைக் காயப்படாமல் காப்பதுதான் வழி: இளமரங்களுக்கு மான் வேலி, மரம் இழுக்கும் பாதையில் கவனம்.