பெரோக் பறித்த பூ

கோத்தா திங்கியிலிருந்து செடிலி ஆற்றுப் பக்கம் போனால் இன்று கண்ணில் படுவது பெரும்பாலும் செம்பனைதான். 1930களில் அங்கே பரந்து கிடந்தது நன்னீர்ச் சதுப்புக்காடு. அதைப் பார்ப்பதற்காகவே சிங்கப்பூரிலிருந்து வந்துபோனவர் ஈ. ஜே. எச். கார்னர். 1929இல் சிங்கப்பூர்த் தாவரவியல் பூங்காவில் உதவி இயக்குநராகச் சேர்ந்த ஆங்கிலேயர்.

ஒரு மரத்துக்கு அறிவியல் பெயர் வைக்கணும்னா அதன் பூவோ காயோ கைக்கு வர வேண்டும். இந்தக் காட்டிலோ அது நூறடி உயரத்தில் இருக்கும். ஒரு கிளைக்காக முழு மரத்தையும் வெட்டிச் சாய்ப்பதா? கார்னர் கிளந்தானில் தேங்காய் பறிக்கப் பழக்கப்படும் பெரோக் குரங்குகளைக் கொண்டுவந்தார். கீழே நின்று மலாயில் சொன்னால் போதும், மேலே கிளையை ஒடித்துப் போட்டன.

கிளையோடு சேர்ந்த சீட்டில் எழுதியது லத்தீன். அதைத் தரைக்கு இறக்கியது கிளந்தான் மலாய். அந்த லத்தீனுக்குள்ளும் உள்ளூர்க் குரல் உண்டு. டுரியானின் 'டூரியோ'வில் இருப்பது முள்ளைக் குறிக்கும் 'டுரி' என்ற மலாய்ச்சொல். 'பண்டானுஸ்' நம் சமையலறைப் பண்டான். 'மொரிங்கா' நம்ம முருங்கையேதான்.

1978இல் தென் ஜொகூர்ச் சதுப்புக்காட்டைப் பற்றிக் கார்னரின் நூல் வெளிவந்தது. அதற்குள் அவர் நடந்த காட்டில் பெரும்பகுதி அழிந்துபோயிருந்தது. பெயர் ஒரு மரத்தைக் காப்பாற்றிவிடாது. ஆனால் பெயரே இல்லாத மரம் போனால், போனதுகூட யாருக்கும் தெரியாது. செம்பனைக்கு முன்னால் இங்கே வெறும் காடுதானே என்பவர்களிடம் நீட்ட நமக்கு அந்தப் பட்டியலாவது மிச்சமிருக்கிறது.