90 வீதத்தில் நின்றுபோகும் விளையாட்டு: இரு காலத்துப் பழுதுகள்

பிரவுசரில் ஒரு விளையாட்டு திறக்க மறுத்தால், ஒஸ்லோவின் குரோருட் பள்ளத்தாக்கிலுள்ள தமிழ் வீடுகளில் முதலில் கேட்பது "ரவுட்டரை ஒருக்கா ஓஃப் பண்ணிப் போடு" என்ற குரல்தான். அடுத்தது, "அப்டேட் கேக்குதோ எண்டு பார்." இரண்டும் அப்பாமார் சொல்வது. 2000களில் இந்தப் பள்ளத்தாக்கின் பள்ளிகளில் படித்து, மாலையில் மினிகிளிப்பும் ரூன்ஸ்கேப்பும் விளையாடி வளர்ந்தவர்கள் பலர் இன்று அந்த இடத்தில் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பழுது பார்க்கத் தெரியும். தெரிந்தது பழைய காலத்துப் பழுது. பிள்ளையின் திரையில் நிற்பது வேறு வகைப் பழுது. இரண்டும் வெளித்தோற்றத்தில் ஒன்றுபோலவே இருப்பதால்தான் அரை மணித்தியாலம் வீணாகிறது. அவற்றை அருகருகே வைத்துப் பார்க்க வேண்டிய தேவை அங்கிருந்துதான் வருகிறது.

பழைய காலத்தில் பிரவுசருக்கு விளையாட்டைப் பற்றி எதுவும் தெரியாது. பக்கத்தில் ஒரு சதுர இடத்தை ஒதுக்கிக் கொடுப்பதோடு அதன் வேலை முடிந்தது. அந்தச் சதுரத்துக்குள் ஓடியது பிளகின் என்ற வேறொரு மென்பொருள். மினிகிளிப் போன்ற தளங்களின் விளையாட்டுகளுக்கு ஃபிளாஷ், 2001இல் வந்த ரூன்ஸ்கேப்புக்கு ஜாவா, முப்பரிமாண விளையாட்டுகள் சிலவற்றுக்கு யூனிட்டி வெப் பிளேயர். பிளகின் இல்லையென்றால் அந்தச் சதுரம் சாம்பல் நிறத்தில் நிற்கும். என்ன குறைகிறது என்று எழுத்திலேயே சொல்லும். பல வேளை அதை இறக்கிக்கொள்ளும் இணைப்பையும் தரும். பதிப்பு பழையதென்றால் அதையும் சொல்லும். இல்லாத ஒன்றைக் கொண்டுவந்து சேர்ப்பதுதான் அன்றைய வைத்தியம். எல்லாக் கணினியிலும் ஓடியது அடோபியின் அதே ஃபிளாஷ் என்பதால், ஒரு வீட்டில் பலித்த மருந்து அடுத்த வீட்டிலும் பலித்தது. தெரிந்த ஒரு அண்ணாவைத் தொலைபேசியில் பிடித்தாலே போதும்.

இன்று பிரவுசரே விளையாட்டு இயந்திரம். படம் வரைவதற்கு கேன்வாஸும் வெப்ஜிஎல்லும், கனமான கணக்குகளுக்கு வெப்அசெம்பிளி, மற்ற ஆட்டக்காரர்களோடு பேச வெப்சொக்கெட் என எல்லாம் அதற்குள்ளேயே இருக்கின்றன. வெளியிலிருந்து சேர்க்க எதுவும் இல்லை. ஆகவே விளையாட்டு வராதபோது எதுவும் குறைவதில்லை. பெரும்பாலும் ஏதோ ஒன்று குறுக்கே நிற்கிறது. விளம்பரத் தடுப்பு எக்ஸ்டென்ஷனாகவோ, பழைய பதிப்பின் மிச்சக் கோப்பாகவோ, பள்ளிக்கூடத்தின் வடிகட்டியாகவோ, யாரோ எப்போதோ அணைத்துவிட்ட ஒரு அமைப்பாகவோ அது இருக்கலாம். அன்றைய கேள்வி "எதைப் போட வேண்டும்?" இன்றைய கேள்வி "எதை விலக்கிப் பார்க்க வேண்டும்?" பழைய பழக்கத்தோடு புதிய பழுதுக்கு முன் உட்காருகிறவர் தேடிப்பிடித்து எதையாவது நிறுவப் பார்க்கிறார். அங்கே ஆபத்தும் உண்டு. இன்று எந்தப் பக்கமாவது "ஃபிளாஷ் பிளேயரைப் புதுப்பியுங்கள்" என்று கேட்டால் அது மோசடி என்றே கொள்ளுங்கள். அடோபி அதை வழங்குவதை நிறுத்திப் பல ஆண்டுகள் ஆகின்றன.

இரண்டு காலமும் மிகத் தெளிவாகப் பிரியும் இடம் அந்த லோடிங் பட்டை. ஃபிளாஷ் விளையாட்டில் அது இறங்கிய பைட்டுகளின் கணக்கு. 90 வீதத்தில் நின்றால் மீதிப் 10 வீதம் இன்னும் கம்பி வழியே வந்து சேரவில்லை என்று பொருள். ரவுட்டரை அணைத்துப் போடுவது அன்று நியாயமான யோசனைதான். இன்று பிரவுசரில் காணும் முப்பரிமாண விளையாட்டுகளில் நிறைய யூனிட்டியில் செய்தவை. யூனிட்டி இயல்பாகத் தரும் லோடரில் தரவிறக்கம் முழுவதற்கும் ஒதுக்கப்பட்டது 90 வீதம். மீதிப் 10 வீதம், இறங்கியதைக் கணினி தன் நினைவகத்தில் விரித்து, தொகுத்து, கிராஃபிக்ஸ் அட்டையிடம் கொடுத்துத் தொடங்குவதற்கானது. ஆகவே பட்டை 90இல் உறைந்து நின்றால் இணையம் தன் வேலையை முடித்துவிட்டது என்று அர்த்தம். இனி ரவுட்டரைத் தொடுவதில் பயனில்லை. பார்க்க வேண்டியவை நினைவகமும் கிராஃபிக்ஸும். வீட்டுவசதிக் கூட்டுறவுச் சங்கம் முழுக் கட்டடத்துக்கும் சேர்த்து வேகமான இணைப்பை எடுத்துக் கொடுத்திருக்கும் வீடுகளில் இது இன்னும் பொருந்தும். யாழ்ப்பாணத்தில் கைபேசி டேட்டாவில் அதே விளையாட்டைத் திறக்கும் பெறாமகனுக்குப் பட்டை 40இல் நின்றால் அது வேறு கதை. அவனுக்கு அப்பாவின் பழைய யோசனை இன்றும் உதவும். பட்டை எங்கே நிற்கிறது என்று முதலில் கேளுங்கள்.

கிராஃபிக்ஸை ஏன் பார்க்க வேண்டும் என்பதற்கும் பழைய காலத்தோடு ஒப்பிட்டால்தான் விடை கிடைக்கும். ஃபிளாஷ் தன் நீண்ட வாழ்நாளின் பெரும்பகுதியில் கணினியின் மையச் செயலியைக் கொண்டே படம் வரைந்தது. வீட்டில் என்ன கிராஃபிக்ஸ் அட்டை இருக்கிறது என்ற கேள்வியே எழவில்லை. வெப்ஜிஎல் அந்த அட்டையோடு நேரடியாகப் பேசுகிறது. அட்டையின் டிரைவர் பழையதென்றால், அல்லது பிரவுசர் அமைப்பில் 'ஹார்ட்வேர் அக்செலரேஷன்' அணைந்திருந்தால், கறுப்புத் திரைதான் மிஞ்சும். இல்லாவிட்டால் விளையாட்டு நத்தைபோல நகரும். குரோமின் முகவரிப் பட்டையில் குரோம் என்ற பெயர், முக்காற்புள்ளி, இரண்டு சாய்கோடு, ஜிபியு என்று ஆங்கிலத்தில் அடித்தால் ஒரு பட்டியல் வரும். அதில் வெப்ஜிஎல்லுக்கு எதிரே பச்சையில் ஹார்ட்வேர் என்று இருக்கிறதா, சொஃப்ட்வேர் மட்டும் என்று இருக்கிறதா என்று பாருங்கள். பட்டியல் நீளமாகப் பயமுறுத்தும். தேவை அந்த ஒரு வரிதான்.

இந்த மாற்றத்தில் ஒஸ்லோவுக்கு இருக்கும் பங்கு இங்குள்ள தமிழர் வீடுகளில் அதிகம் பேசப்படுவதில்லை. பேசப்பட வேண்டும் என்று நினைக்கிறேன். தொலைத்தொடர்பு நிறுவனமான டெலிநோரின் ஆய்வுப் பிரிவில் தொடங்கிய ஒப்பரா பிரவுசர், 1995இல் யோன் ஸ்டெஃபென்சன் வொன் டெட்ஷ்னர், கெயிர் ஈவர்சோய் இருவரின் கையில் இந்த நகரத்தில் தனி நிறுவனமானது. பிளகின் இல்லாமலே இணையப் பக்கம் செயலிபோல இயங்க வேண்டும் என்று 2004இல் ஆப்பிள், மொசில்லா, ஒப்பரா மூன்றையும் சேர்ந்தவர்கள் கூடித் தொடங்கிய முயற்சியே பின்னாளில் எச்டிஎம்எல்5 ஆனது. பிரவுசர் தானே காணொளியை ஓட்ட வேண்டும் என்ற முன்மொழிவை 2007இல் வைத்ததும் ஒப்பராதான். அப்போது அதன் தொழில்நுட்பத் தலைவர் ஹோக்கொன் வியூம் லீ. ஃபிளாஷ் தேவையில்லாத இணையத்தை நோக்கிய பாதையில் இவை பெரிய அடிகள். குரோருட்டிலிருந்து சுரங்கரயிலில் போய்வரும் தூரத்தில் அந்த வேலை நடந்துகொண்டிருந்தபோது, நம் பிள்ளைகள் ஃபிளாஷைப் புதுப்பித்துக்கொண்டிருந்தார்கள்.

அதன் பிறகு நடந்தது வேகமானது. ஐபேடிலும் ஐஃபோனிலும் ஃபிளாஷுக்கு இடமில்லை என்று ஸ்டீவ் ஜொப்ஸ் 2010 ஏப்ரலில் எழுதினார். வெப்ஜிஎல்லின் முதல் பதிப்பு 2011இல் வந்தது. பழைய வகைப் பிளகின்களைக் குரோம் 2015இல் முற்றாகக் கைவிட்டது. ஜாவா விளையாட்டுகள் அதோடு குரோமை விட்டுப் போயின. வெப்அசெம்பிளி 2017இல் முக்கிய பிரவுசர்கள் எல்லாவற்றிலும் வந்துசேர்ந்தது. அதே ஆண்டு ஜூலையில் அடோபி ஃபிளாஷின் முடிவை அறிவித்தது. 2020 டிசம்பர் 31 கடைசி நாள். 2021 ஜனவரி 12 முதல், நிறுவியிருந்த ஃபிளாஷ் பிளேயரே உள்ளடக்கத்தை ஓட்ட மறுத்தது. அதன் பாதுகாப்பு ஓட்டைகள் அவ்வளவு. போனது சரிதான். ஆனால், என்ன கோளாறு என்பதைத் திரையிலேயே சொல்லும் அந்த வெளிப்படைத்தன்மையும் கூடவே போய்விட்டது. அதற்கு ஈடாக இன்னும் எதையும் யாரும் தரவில்லை.

இன்றைய பழுதைக் கண்டுபிடிக்க மிகச் சுருக்கமான வழி பிரைவட் சாளரம். அதில் எக்ஸ்டென்ஷன்கள் இயல்பாக ஓடுவதில்லை; பழைய குக்கியும் சேமித்த கோப்பும் உள்ளே வருவதில்லை. அங்கே விளையாட்டு திறந்தால் குற்றவாளி உங்கள் பிரவுசருக்குள்தான் இருக்கிறது. எக்ஸ்டென்ஷன்களை ஒவ்வொன்றாக நிறுத்திப் பார்த்தால் அகப்பட்டுவிடும். அங்கேயும் திறக்காவிட்டால் கிராஃபிக்ஸ், வலையமைப்பு, விளையாட்டின் சேர்வர் என்று வெளியே தேட வேண்டும். ஒப்பராவும், வொன் டெட்ஷ்னர் பின்னர் தொடங்கிய விவால்டியும் பாவிக்கும் வீடுகளுக்கு மட்டும் ஒரு எச்சரிக்கை. இந்த இரண்டு ஒஸ்லோ பிரவுசர்களிலும் விளம்பரத் தடுப்பு உள்ளேயே கட்டப்பட்டது; அது எக்ஸ்டென்ஷன் அல்ல. நீங்கள் அதை இயக்கி வைத்திருந்தால் பிரைவட் சாளரத்திலும் அது வேலை செய்யக்கூடும். சோதனை பொய் சொல்லும். முகவரிப் பட்டையில் இருக்கும் கேடயச் சின்னத்தைத் தட்டி, அந்தத் தளத்துக்கு மட்டும் நிறுத்திப் பாருங்கள். 2019இல் வந்த ஒப்பரா ஜிஎக்ஸை வைத்திருக்கும் இளையவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். நினைவகம் எவ்வளவு பாவிக்கலாம் என்று எல்லை வைக்கும் வசதி அதில் உண்டு. அழகுக்காக அதைக் குறைத்து வைத்துவிட்டு, விளையாட்டு 90இல் நிற்கிறதே என்று தேடுவதில் அர்த்தமில்லை.

பள்ளி கொடுத்த கணினி தனி ரகம். முதல் பக்கம் வரும், பெயர் கேட்கும், பிறகு 'கனெக்டிங்' என்று சுற்றிக்கொண்டே இருக்கும். 2015இல் வந்த அகாரியோ வகை விளையாட்டுகளில் இதை அடிக்கடி காணலாம். பக்கம் வருவது ஒரு வழி, ஆட்டம் நடப்பது வெப்சொக்கெட் என்ற இன்னொரு வழி. வடிகட்டி முதலாவதை விட்டு இரண்டாவதை மறித்தால் இப்படித்தான் ஆகும். வகுப்பறைகளுக்கென்றே செய்யப்பட்ட, இதே நகரத்து நிறுவனமான கஹூட்டும் பிரவுசரில் ஓடுவதுதான். அதைப் பள்ளி திறந்துவிடும், மற்றதை விடாது. இங்கே பிள்ளையோ பெற்றோரோ செய்யக்கூடியது எதுவுமில்லை, செய்யவும் கூடாது. தடையைத் தாண்ட ஏதோவொரு இலவச விபிஎன்னைப் பிள்ளை நிறுவினால், விளையாட்டைவிடப் பெரிய பிரச்சினை வீட்டுக்குள் வந்துவிடும். ஐபேடில் இன்னொரு வீண் முயற்சி உண்டு: சஃபாரியில் வரவில்லையென்று குரோமை இறக்குவது. ஐபேடில் பொதுவாக எந்தப் பெயரில் பிரவுசர் வந்தாலும் உள்ளே ஓடுவது ஆப்பிளின் வெப்கிட் என்ற இயந்திரம்தான்.

யாருடைய குற்றம் என்பதையும் இரண்டு காலமும் வெவ்வேறு விதமாகச் சொல்கின்றன. அன்று தவறு ஏறக்குறைய எப்போதும் வீட்டுப் பக்கத்தில் இருந்தது. இன்று அப்படியில்லை. கணினியில் எஃப்12 விசையை அழுத்தினால் கொன்சோல் திறக்கும். சிவப்பு வரிகளில் 'புளொக்ட் பை கிளையன்ட்' என்று இருந்தால் உங்கள் தடுப்பான்தான் மறித்திருக்கிறது. 'அன்ஏபிள் டு பார்ஸ்' என்று தொடங்கி, பியார் என்று முடியும் கோப்பின் பெயர் வந்தால், விளையாட்டைப் போட்டவர் சுருக்கிய கோப்பைத் தம் சேர்வரில் சரியாக அமைக்கவில்லை. வீட்டில் எத்தனை தடவை மறுபடி தொடங்கினாலும் அது சரிவராது. அந்த வரியைப் படமெடுத்து விளையாட்டு செய்தவருக்கு அனுப்புங்கள். நல்லவர்கள் திருத்துவார்கள், அவர்களுக்கும் அந்த வரி இல்லாமல் எதுவும் புரியாது. "கேம் வருதில்லை" என்று மட்டும் எழுதினால் பதில் வராததில் வியப்பில்லை.

பழைய விளையாட்டுகளைத் தம் பிள்ளைகளுக்குக் காட்ட விரும்பும் அப்பாமாருக்கு ஒரு நல்ல செய்தி. ரஃபிள் என்ற கட்டற்ற மென்பொருள், ஃபிளாஷ் கோப்பை இன்றைய பிரவுசரிலேயே வெப்அசெம்பிளி கொண்டு ஓட்டுகிறது. இன்டர்நெட் ஆர்கைவ் 2020 நவம்பரிலிருந்து அதைப் பயன்படுத்திப் பழைய ஃபிளாஷ் ஆக்கங்களைத் தன் தளத்தில் காட்டுகிறது. தனி ஒருவர் விளையாடும், ஃபிளாஷின் பழைய ஆக்ஷன்ஸ்கிரிப்ட் மொழியில் எழுதப்பட்ட விளையாட்டுகள் நன்றாகவே எழுந்து நடக்கின்றன. பிந்திய பதிப்பில் எழுதப்பட்டவற்றில் சில தடுமாறும். ஆனால் 2009இல் பேஸ்புக்கில் தொடங்கி ஃபிளாஷோடு ஒரே நாளில் மூடப்பட்ட ஃபார்ம்வில் அப்படி வராது. அதன் வயல்கள் நிறுவனத்தின் சேர்வரில் இருந்தன. நம் கணினியில் இருந்தது வெறும் சன்னல்.

சேமிப்பு விடயத்தில்தான் இன்றைய முறை கூடுதல் கவனம் கேட்கிறது. ஃபிளாஷ் தன் சேமிப்பைப் பிரவுசருக்கு வெளியே, தன் சொந்தக் கோப்புறையில் வைத்திருந்தது. பிரவுசரை முழுக்கத் துடைத்தாலும் பல காலம் அது தப்பியது. அந்தரங்கத்துக்கு அது கேடு, விளையாடுகிறவனுக்கு நல்லது. இன்றைய விளையாட்டு பிள்ளையின் நிலைகள், நாணயங்கள் எல்லாவற்றையும் பிரவுசரின் தளத் தரவுக்குள்ளேயே வைக்கிறது. ஆகவே பழுது பார்க்கும்போது முதலில் கன்ட்ரோல், ஷிஃப்ட், ஆர் மூன்றையும் ஒன்றாக அழுத்துங்கள். பக்கம் புதிதாக இறங்கும், சேமிப்பு அப்படியே இருக்கும். தளத் தரவை அழிப்பதைக் கடைசிக்கு வையுங்கள். அதற்கு முன் விளையாட்டில் கணக்குத் திறந்து உள்நுழையும் வசதியோ, சேமிப்பைக் கோப்பாக எடுக்கும் வசதியோ இருக்கிறதா என்று பிள்ளையிடமே கேளுங்கள். பெரும்பாலும் அதற்குத் தெரிந்திருக்கும்.